வியாபாரி கழித்த ஸ்ட்ராபெர்ரியில் காப்ளர் செய்யலாமா?

கேள்வி: "கொடைக்கானல் மேல்மலையில் 20 சென்ட் நிலத்தில் ஸ்ட்ராபெர்ரி போட்டிருக்கிறோம். டப்பாவில் அடுக்கும்போது நசுங்கியது, சிறுத்தது, கோணலானது என்று ஒவ்வொரு பறிப்பிலும் 2 கிலோ, 3 கிலோ கழிந்துவிடுகிறது. வியாபாரி அதைத் தொடக்கூட மாட்டார். பக்கத்து ஹோம்ஸ்டேவில் தங்க வந்தவர்கள் 'பெர்ரி காப்ளர் கிடைக்குமா' என்று கேட்டார்களாம். என் மகள் செல்போனில் பார்த்துச் செய்தாள். மேலே மாவு வேகவில்லை, கீழே சாறு தண்ணீராக ஓடியது. எங்களிடம் ஓவன் கிடையாது. கழிந்த பழத்தில் இதைச் செய்து விற்க முடியுமா? மருந்து அடித்த பழமாக இருந்தாலும் அடுப்பில் வெந்தால் விஷம் போய்விடும் என்கிறார்களே, உண்மையா?"

- ஒரு வாசகி, கொடைக்கானல் மேல்மலை.

சகோதரி, நீங்கள் கடைசியில் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். வெந்தால் மருந்து போய்விடும் என்பது உண்மை இல்லை. சில மருந்துகள் சூட்டில் ஓரளவு சிதையும், சில அப்படியே நிற்கும். எது எவ்வளவு சிதையும் என்று அடுப்படியில் நின்று யாராலும் சொல்ல முடியாது. கழுவினாலும் இதே நிலைதான். மேல்தோலில் படிந்திருக்கும் தொடு மருந்து கொஞ்சம் கழுவலில் போகும். ஊடுருவும் தன்மையுள்ள மருந்து சதைக்குள் போயிருக்கும். உப்புத் தண்ணீர், மஞ்சள் தண்ணீர், சோடா உப்புத் தண்ணீர் என்று எதில் ஊறவைத்தாலும் உள்ளே இருப்பது வெளியே வராது.

அதனால் உங்கள் கழிவுப் பழத்தை இரண்டு கூடையாகப் பிரித்துக்கொள்ளுங்கள். உருவத்துக்காகக் கழிந்த பழம் ஒரு கூடை. மருந்தின் காத்திருப்பு நாள் முடியாத பழம் இன்னொரு கூடை. முதல் கூடை சமையலுக்கு. இரண்டாவது கூடை குழிக்கு. மாட்டுக்கும் கோழிக்கும்கூடப் போடவேண்டாம்.

காத்திருப்பு நாள் என்பது மருந்து அடித்த தேதியிலிருந்து அறுவடைக்கு எத்தனை நாள் விடவேண்டும் என்ற கணக்கு. மருந்துப் பாட்டிலோடு வரும் துண்டுச் சீட்டில் பயிர்வாரியாக இருக்கும். எழுத்து எறும்பு அளவு என்பது எனக்கும் தெரியும். பிள்ளைகளைப் படிக்கச் சொல்லுங்கள், அல்லது செல்போனில் படம் எடுத்துப் பெரிதாக்கிப் பாருங்கள். உங்கள் பயிரின் பெயரே அதில் இல்லை என்றால் அந்த மருந்து அந்தப் பயிருக்குப் பரிந்துரைக்கப்படவில்லை என்று பொருள். கடைக்காரர் என்ன சொன்னாலும் அடிக்காதீர்கள். பாட்டிலில் பச்சை முக்கோணம் இருந்தால் நஞ்சு குறைவான வகை என்பது சரிதான். ஆனால் பச்சை முக்கோணத்துக்கும் காத்திருப்பு நாள் உண்டு.

இந்த இடத்தில் என் தவறு ஒன்றையும் சொல்லவேண்டும். வேலையில் சேர்ந்த புதிதில் ஒரு மலைக் கிராமத்தில் கூட்டம் போட்டு, பழ அழுகலுக்கு எந்த மருந்தை எத்தனை லிட்டர் தண்ணீரில் கலப்பது என்று ஒரு மணி நேரம் பேசினேன். எல்லாரும் எழுதிக்கொண்டார்கள். கடைசி வரிசையில் குழந்தையை மடியில் வைத்திருந்த ஒரு அம்மா, "சார், அடிச்ச பிறகு எத்தனை நாள் கழிச்சு இவனுக்குப் பழம் குடுக்கலாம்?" என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. பட்டம் வாங்கியிருந்தேன், அளவு தெரிந்திருந்தது, நாள் தெரியவில்லை. ஜீப்புக்குப் போய்ப் பெட்டியைப் பிரித்துச் சீட்டைப் படித்துவிட்டு வந்துதான் சொன்னேன். அன்றிலிருந்து நான் எழுதும் எந்தப் பரிந்துரையிலும் அளவுக்குப் பக்கத்தில் நாளும் இருக்கும்.

ஸ்ட்ராபெர்ரியில் இந்தக் கணக்கு மற்றப் பயிரைவிடச் சிக்கலானது. நெல் ஒரே நாளில் அறுவடை ஆகும். ஸ்ட்ராபெர்ரியில் ஒரே செடியில் பூ, பிஞ்சு, வெள்ளைக்காய், பழம் நான்கும் இருக்கும். ஒருநாள் விட்டு ஒருநாள் பறிக்கவேண்டும். மருந்து அடித்துவிட்டு 5 நாள் காத்திருக்கவேண்டும் என்றால், அந்த 5 நாளில் பழுப்பதெல்லாம் நஷ்டம். அந்த நஷ்டத்தைத் தாங்க முடியாமல்தான் பலர் "விற்கிற பழத்துக்கு நாள் பார்ப்போம், கழிகிற பழம் வீட்டுக்குத்தானே" என்று போய்விடுகிறார்கள். வியாபாரி வேண்டாம் என்ற பழம் பிள்ளைகள் கைக்குப் போகிறது. இதை நான் பல தோட்டங்களில் பார்த்திருக்கிறேன்.

இதற்கு வழி, காய்க்கும் பருவத்தில் மருந்துத் தேவையையே குறைப்பது. அழுகிய பழத்தைச் செடியிலோ பாத்தியிலோ விடாமல் தினமும் எடுத்துப் புதையுங்கள். சாம்பல் பூஞ்சணம் அதிலிருந்துதான் அடுத்த பழத்துக்குத் தாவுகிறது. பழம் மண்ணைத் தொடாதபடி மூடாக்கு இருக்கட்டும், பாலித்தீன் விரிப்போ காய்ந்த புல்லோ. மேலிருந்து தண்ணீர் தெளிக்காமல் சொட்டு நீர் விடுங்கள். செடிக்குச் செடி 30 சென்டிமீட்டர் இடைவெளி விட்டு, முற்றிய இலைகளைக் கிள்ளிவிட்டால் காற்று உள்ளே போகும். டிரைக்கோடெர்மா, சூடோமோனாஸ் போன்றவற்றை ஆரம்பத்திலிருந்தே கொடுத்து வாருங்கள். அதையும் மீறி ரசாயன மருந்துதான் என்றால் பழுத்தது, பாதி பழுத்தது எல்லாவற்றையும் பறித்துவிட்டு, அன்று மாலை அடியுங்கள். தேதியை வீட்டுக் காலண்டரில் எழுதுங்கள்.

சரி, அடுப்படிக்கு வருவோம்.

காப்ளர் என்றால் என் மகள் இன்னும் சிரிக்கிறாள். ஆங்கிலத்தில் செருப்பு தைப்பவருக்கும் இதே சொல்தான். பண்டத்துக்கும் தொழிலுக்கும் சம்பந்தம் தேடவேண்டாம். அமெரிக்காவில் குடியேறிய ஆங்கிலேயக் குடும்பங்கள் வளர்த்த வீட்டுப் பலகாரம் இது. ஆழமான பாத்திரத்தில் சர்க்கரை பிசிறிய பழம்; அதன்மேல் பிசைந்த மாவைக் கரண்டி கரண்டியாகப் போட்டுச் சுடுவது. அவ்வளவுதான். கேக் மாதிரி நுரைக்க அடிக்கவேண்டியது இல்லை, சப்பாத்தி மாதிரி திரட்டவேண்டியதும் இல்லை. மேலே மாவு திட்டுத் திட்டாக, கூழாங்கல் பாவிய தரைபோல் இருக்கும். அடியில் பழம் கொதித்துப் பாகாகும். சூடாகக் கிண்ணத்தில் எடுத்துக் கரண்டியால் சாப்பிடவேண்டும்.

உங்களுக்கு உற்சாகம் தரும் செய்தி ஒன்று. ஓவன் இல்லாதவர்கள் செய்து வந்த பலகாரம் இது. மாட்டு வண்டிகளில் அமெரிக்காவின் மேற்குப் பக்கம் போன குடும்பங்கள், கனமான இரும்புச் சட்டியில் பழத்தையும் மாவையும் போட்டு, மூடியின் மேலும் சட்டியின் கீழும் தணலை வைத்துச் சுட்டார்கள். நாம் பிரியாணிக்குத் தம் போடுகிறோமே, அதே வேலை. உங்கள் மலைக்கும் அமெரிக்கர்களுக்கும் பழைய உறவு உண்டு. 1845-இல் மதுரை வெயிலுக்கும் காய்ச்சலுக்கும் பயந்து மேலே வந்து கொடைக்கானலில் முதல் பங்களாக்களைக் கட்டியவர்கள் அமெரிக்க மிஷனரிகள்தான். நான் காப்ளரை முதன்முதலில் சாப்பிட்டதும் அங்கேதான். அந்த மலையில் வேலை பார்த்தபோது, ஒரு வயதான பேக்கரிக்காரர் வீட்டில், பிளம்ஸ் பழத்தில் செய்தது.

பழக் கலவையைப் பற்றிக் கொஞ்சம் சொல்கிறேன், அதில்தான் ருசி இருக்கிறது. ஸ்ட்ராபெர்ரி மட்டும் போட்டால் நிறமும் மணமும் வரும். சுட்டதும் சதை கரைந்து குழைந்துவிடும். அதோடு கடித்தால் தட்டுப்படுகிற ஏதாவது வேண்டும். மலைத் தோட்டங்களில் காகித உறை போர்த்திக் காய்க்கிறதே, கேப் கூஸ்பெரி, அது நல்ல ஜோடி. புளிப்பும் இருக்கும், உருவமும் நிற்கும். மல்பெரி கிடைத்தால் கருநீல நிறமும் இனிப்பும் சேரும். கீழ்நாட்டில் இருப்பவர்கள் கொட்டை எடுத்த களாப்பழம், நாவல்பழம் சேர்க்கலாம். காட்டோரம் கிடைக்கிற தவிட்டுப்பழம், முள்செடி ராஸ்பெரி எல்லாம் பழகியவர்கள் அடையாளம் தெரிந்து பறித்தால் மட்டும் சேர்க்கவும். பெயர் தெரியாத பழம் எவ்வளவு அழகாக இருந்தாலும் சட்டிக்கு வேண்டாம்.

ஒரு வேடிக்கை: தாவரவியல் கணக்கில் ஸ்ட்ராபெர்ரி பெர்ரி இல்லை, மல்பெரியும் பெர்ரி இல்லை. தக்காளி, கத்தரிக்காய், வாழைப்பழம் எல்லாம் பெர்ரி. கல்லூரியில் இதை எழுதித்தான் மதிப்பெண் வாங்கினேன். வீட்டில் சொன்னபோது, "அப்போ கத்தரிக்காய்ல செய்யுங்க" என்றார் என் மனைவி.

8 அங்குல வட்ட டின்னுக்கு, 6 கிண்ணம் வருமளவு கணக்கு இது. பழம் எல்லாம் சேர்த்து 600 கிராம்: ஸ்ட்ராபெர்ரி 350, மல்பெரி 150, கேப் கூஸ்பெரி 100. சர்க்கரை 100 கிராம். சோளமாவு 2 மேசைக்கரண்டி. கடையில் கார்ன்ஃப்ளோர் என்று கேட்கவேண்டும், மக்காச்சோளத்தை அரைத்த மஞ்சள் மாவு இதற்கு ஆகாது. எலுமிச்சைச் சாறு 1 தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை. மேல் மாவுக்கு மைதா 150 கிராம், பாதிக்குப் பாதி கோதுமை மாவும் போடலாம். சர்க்கரை 2 மேசைக்கரண்டி, பேக்கிங் பவுடர் ஒன்றரைத் தேக்கரண்டி, உப்பு கால் தேக்கரண்டி, வெண்ணெய் 50 கிராம், குளிர்ந்த பால் 90 முதல் 100 மில்லி.

ஸ்ட்ராபெர்ரியைக் காம்போடு கழுவி, அதன்பிறகு காம்பைக் கிள்ளுங்கள். முதலில் கிள்ளினால் தண்ணீர் உள்ளே போய்விடும், உங்கள் மகள் கண்ட 'தண்ணீர்ச் சாறு' பாதி அதனால்தான். நசுங்கிய பழத்தில் நசுங்கிய இடம் மட்டும் இருந்தால் நறுக்கிப் போடலாம். பூஞ்சணம் பிடித்திருந்தால் முழுப் பழத்தையும் எறிந்துவிடுங்கள். மென்மையான பழத்தில் பூஞ்சண இழை கண்ணுக்குத் தெரியும் இடத்தைத் தாண்டி ஓடியிருக்கும்.

பழத்தில் சர்க்கரை, சோளமாவு, எலுமிச்சைச் சாறு, உப்பு போட்டுப் பிசிறுங்கள். சோளமாவையும் சர்க்கரையையும் முதலில் உலர்வாகக் கலந்துகொண்டால் கட்டி தட்டாது. எவர்சில்வர் அல்லது கண்ணாடிப் பாத்திரம் எடுங்கள். அலுமினியத்தில் புளிப்புப் பழம் நேராகப் பட்டால் ருசி கெடும். அலுமினிய டின்தான் இருக்கிறது என்றால் உள்ளே பட்டர் பேப்பர் போட்டுக்கொள்ளுங்கள்.

இப்போது முக்கியமான இடம். பழத்தை மட்டும் முதலில் 10 நிமிடம் சூட்டில் வைத்து, ஓரம் கொதிக்க ஆரம்பித்த பிறகே மேலே மாவைப் போடவேண்டும். குளிர்ந்த பழத்தின் மேல் மாவைப் போட்டால் மாவின் அடிப்பக்கம் ஈரத்தில் ஊறி, வேகாமல் கொழகொழவென்று நிற்கும். உங்கள் வீட்டில் நடந்தது இதுதான் என்று நினைக்கிறேன். பழம் சூடாக இருந்தால் மாவு மேலிருந்தும் வேகும், கீழிருந்து ஆவியிலும் வேகும்.

பழம் சூடாகும் நேரத்தில் மாவைத் தயார் செய்யுங்கள். மாவு, சர்க்கரை, பேக்கிங் பவுடர், உப்பு கலந்து, கெட்டியான வெண்ணெயைத் துண்டு போட்டு விரல் நுனியால் உதிர்த்து விடுங்கள். புட்டு மாவு பதம்: பிடித்தால் பிடிபட வேண்டும், தட்டினால் உதிரவேண்டும். வெண்ணெய் உருகிவிடக் கூடாது. உங்கள் மலையில் காலை நேரத்தில் அது தானாகவே கெட்டியாக இருக்கும், மற்ற ஊர்க்காரர்கள் குளிர்ந்த தண்ணீரில் கிண்ணத்தை வைக்கலாம். பிறகு பாலை ஊற்றி, கரண்டியால் நாலு சுற்று, அதற்கு மேல் வேண்டாம். போண்டா மாவு பதம் வந்தால் போதும், கட்டி முட்டியாக இருக்கட்டும். அழுத்திப் பிசைந்தால் ரப்பராகிவிடும். கரண்டி கரண்டியாகப் பழத்தின் மேல் வையுங்கள், நடுநடுவே இடைவெளி விடுங்கள். ஆவி போக வழி வேண்டும். திட்டின் கனம் ஒரு விரல்கடைக்கு மேல் போனால் உள்ளே வேகாது.

ஓவன் வைத்திருப்பவர்கள் 190 டிகிரி செல்சியஸில் 35 முதல் 40 நிமிடம் வைக்கலாம். இல்லாதவர்களுக்கு இரண்டு வழி. ஒன்று, பழைய பிரஷர் குக்கர். உள்ளே ஒரு அங்குலத்துக்குக் கல்லுப்பு பரப்பி, ஸ்டாண்டு வைத்து, கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றிவிட்டு மூடி, மிதமான தீயில் 10 நிமிடம் காயவிடுங்கள். பழ டின்னை உள்ளே இறக்குங்கள். கொதி வந்ததும் மாவை வைத்து மூடி, 5 நிமிடம் மிதமான தீ, பிறகு சிறு தீயில் 40 முதல் 45 நிமிடம். தண்ணீர் ஊற்றக்கூடாது. வெறும் சூட்டில் குக்கர் கறுத்துப்போகும், புதுக் குக்கரில் செய்யாதீர்கள். அந்த உப்பைச் சமையலுக்கு எடுக்காமல் தனி டப்பாவில் போட்டு அடுத்த முறைக்கு வைத்துக்கொள்ளுங்கள். இந்த வழியில் மேல்மாவு வெளுப்பாகத்தான் இருக்கும், ருசியில் குறை இருக்காது.

இன்னொன்று, விறகடுப்பு இருக்கிற வீட்டுக்கு. அடிகனமான தேக்சாவில் உள்ளே பிரிமனை போலக் கல்லோ ஸ்டாண்டோ வைத்து, சூடேற்றி, டின்னை இறக்குங்கள். தட்டையான கனமான மூடி போட்டு, கங்கை இரண்டு பங்கு மூடிமேல், ஒரு பங்கு அடியில் பரப்புங்கள். எல்லாரும் செய்கிற தவறு அடியில் அதிகம் வைப்பது. பழச் சர்க்கரை கருகிவிடும். மேலே தணல் இருந்தால்தான் மாவு பொன்னிறமாகும். 30 நிமிடத்தில் ஒருமுறை, சாம்பல் உள்ளே விழாமல் மூடியைத் தூக்கிப் பாருங்கள். எனக்கு இந்த வழிதான் பிடிக்கும். லேசான புகை மணம் ஸ்ட்ராபெர்ரிக்கு நன்றாகச் சேரும்.

வெந்ததா என்று பார்க்க, நடுத் திட்டில் ஈர்க்குச்சி குத்திப் பாருங்கள், ஈர மாவு ஒட்டக்கூடாது. இன்னொரு அடையாளம் ஓரத்தில் இருக்கிறது: சாறு மெதுவாக, கனமான குமிழாகக் கொதிக்கவேண்டும். சோளமாவு நன்றாகச் சூடேறிக் கொதித்தால்தான் சாற்றைப் பிடித்துக் கெட்டியாக்கும். சூடு மட்டும் ஏறிக் கொதிக்காமல் இறக்கினால் தண்ணீராகவே நிற்கும். எலுமிச்சையை அதிகம் பிழிந்தாலும் சோளமாவின் பிடி தளரும், களாப்பழம் போட்டால் எலுமிச்சையே வேண்டாம். இறக்கியதும் உடனே அள்ளாதீர்கள். அரை மணி நேரம் ஆறினால் பாகு தானாக இறுகும்.

சிறுதானியம் போடலாமா என்று கேட்பீர்கள் என்று தெரியும். போடலாம். மைதாவில் மூன்றில் ஒரு பங்குக்குக் கேழ்வரகு மாவு நன்றாக வரும், உதிரும் தன்மை இந்தப் பலகாரத்துக்கு ஒத்துவரும். முழுக்கக் கேழ்வரகில் செய்து பார்த்தேன். மனைவி ஒரு கரண்டியோடு நிறுத்திக்கொண்டார்.

இனி விற்பனை. காப்ளரை டப்பாவில் போட்டுக் கடைக்கு அனுப்பும் யோசனையை விட்டுவிடுங்கள். ஈரமான பழத்தின் மேல் மாவு இருப்பதால் சில மணி நேரத்தில் மொறுமொறுப்பு போய்விடும். வெளியே வைத்தால் அன்றைக்குள், பிரிட்ஜில் வைத்தால் 2, 3 நாளுக்குள் தீர்த்துவிடவேண்டும். ஜாம் மாதிரி மாதக்கணக்கில் நிற்கிற சரக்கு இல்லை. ஆனால் உங்கள் பக்கத்தில் ஹோம்ஸ்டே இருக்கிறது, ராத்திரிக் குளிரில் சூடாக ஏதாவது கேட்கிற ஆட்கள் இருக்கிறார்கள். முன்கூட்டி ஆர்டர் வாங்கி, அன்று சுட்டு, அன்றே கொடுப்பது என்றால் நிச்சயம் செய்யலாம். வீட்டில் செய்து விற்பதற்கும் உணவுப் பாதுகாப்புத் துறையின் அடிப்படைப் பதிவு தேவை. இ-சேவை மையத்தில் விசாரித்து அதை முடித்துவிட்டு ஆரம்பியுங்கள்.

விலை வைக்குமுன் செலவு எழுதுங்கள். போன மாதம் நான் வாங்கிய விலையில் ஒரு டின்னுக்கு வெண்ணெய் 30 ரூபாய், மாவும் சர்க்கரையும் 15 ரூபாய், பால், சோளமாவு, எலுமிச்சை, பேக்கிங் பவுடர் 12 ரூபாய், கேஸ் சுமார் 10 ரூபாய் வந்தது. மொத்தம் 67. அதாவது கிண்ணத்துக்கு 11 ரூபாய் சொச்சம், பழமும் உங்கள் கூலியும் சேராமல். கழிந்த பழம்தானே, இலவசம்தானே என்று பழத்துக்குச் சைபர் போடாதீர்கள். கழுவி, ஆய்ந்து, நறுக்க ஒரு மணி நேரம் போகிறது. அந்த ஒரு மணி நேரத்துக்கு உங்கள் ஊரில் பெண்களுக்கு என்ன கூலியோ அதைச் சேருங்கள். மகள் செய்தாலும் சேருங்கள்.

ஒரே நாளில் 3 கிலோ கழிந்தால் 5 டின் சுட முடியாது, சாப்பிட ஆளும் இருக்காது. பிரீசர் இருந்தால் நறுக்கிய பழத்தைத் தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி, உறைந்து கல்லான பிறகு கவரில் போட்டுக் கட்டிவிடுங்கள். கவர்மேல் பறித்த தேதியை எழுதுங்கள். உறைந்த பழத்தில் தண்ணீர் அதிகம் கசியும், சோளமாவு அரை மேசைக்கரண்டி கூடுதலாகப் போட்டு, முதல் 10 நிமிடச் சூட்டை 20 நிமிடமாக்கிக்கொள்ளுங்கள்.

கேள்வி: "1 ஏக்கரில் வி-1 மல்பெரி வைத்துப் பட்டுப்புழு வளர்க்கிறேன். வரப்பில் நிற்கும் செடிகளில் பழம் கொட்டிக் கிடக்கிறது. பிள்ளைகள் பள்ளிவிட்டு வந்ததும் அங்கேதான் நிற்கிறார்கள். போன தடவை நீங்கள் மல்பெரிப் பழத்தில் சத்து இருக்கிறது என்று சொன்னீர்கள். தோட்டத்துப் பழத்தைச் சமைக்கலாமா?"

- ஒரு வாசகர், கிருஷ்ணகிரி மாவட்டம்.

உங்களிடம் ஒரு கேள்வி. தோட்டத்தில் பூச்சிமருந்து அடித்தால் எத்தனை நாள் கழித்துப் புழுவுக்கு இலை வெட்டுகிறீர்கள்? நாள் எண்ணித்தான் வெட்டுவீர்கள். ஒரு நாள் முந்தினால் புழு வாயில் பச்சையாகக் கக்கிச் செத்துவிடும், ஒரு வளர்ப்பே போய்விடும் என்று உங்களுக்கு நன்றாகத் தெரியும். அதே செடியின் பழத்தைப் பிள்ளைகள் அடித்த மறுநாளே பறித்துத் தின்கிறார்கள். பிள்ளைக்கு அன்றே ஒன்றும் ஆகாததால் யாரும் எண்ணுவதில்லை. புழுவுக்கு எண்ணுகிற நாளைப் பிள்ளைக்கும் எண்ணுங்கள்.

இலைக்காக 60, 70 நாளுக்கு ஒருமுறை வெட்டுகிற தோட்டத்தில் பழம் அதிகம் பிடிக்காது, பிடித்தாலும் அதை நம்பவேண்டாம். வீட்டுக்கு அருகில், தோட்டத்திலிருந்து தள்ளி, இரண்டு செடியை மட்டும் வெட்டாமல் மரமாக விடுங்கள். அதற்கு எந்த மருந்தும் அடிக்காதீர்கள். பழக்காலத்தில் அடியில் பழைய சேலையை விரித்துக் கிளையை உலுக்கினால் போதும். கறுத்தது இனிக்கும், சிவப்பு புளிக்கும். காப்ளருக்கு இரண்டும் கலந்து போட்டால் எலுமிச்சை தேவைப்படாது. மல்பெரி ஒரு நாள்கூடத் தாங்காது, பறித்த அன்றே சமைக்கவேண்டும் அல்லது உறையவைக்க வேண்டும். காம்பைக் கத்தரிக்கோலால் வெட்டலாம், விட்டுவிட்டாலும் வாயில் உறுத்தாது.

கேள்வி: "மல்பெரி போட்டுச் செய்த கேக்கில் பழத்தைச் சுற்றி மாவு பச்சையும் நீலமுமாக மாறிவிட்டது. விஷமோ என்று பயந்து மொத்தத்தையும் கொட்டிவிட்டோம்."

- ஒரு வாசகி, தருமபுரி.

கொட்டியிருக்கவேண்டாம். சோடா உப்பு கூடிவிட்டது, அவ்வளவுதான். மல்பெரியின் கருநீலச் சாயம் புளிப்பில் சிவக்கும், சோடா உப்பு போன்ற காரத்தில் நீலமாகும், இன்னும் கூடினால் பச்சையாகும். பள்ளிக்கூடத்தில் லிட்மஸ் தாளில் பார்த்ததை உங்கள் கேக் காட்டியிருக்கிறது. விஷம் இல்லை, சோப்பு போன்ற ஒரு கசப்பு இருக்கும். அடுத்த தடவை வெறும் சோடா உப்புக்குப் பதிலாக பேக்கிங் பவுடர் போடுங்கள். சோடா உப்புதான் இருக்கிறது என்றால் 150 கிராம் மாவுக்குக் கால் தேக்கரண்டி, பாலுக்குப் பதில் புளித்த மோர். மோரின் புளிப்பு சோடாவைத் தீர்த்துவிடும்.

காத்திருப்பு நாள் பற்றிச் சந்தேகம் இருப்பவர்கள் மருந்தின் பெயர், பயிர், அடித்த தேதி மூன்றையும் எழுதி, சீட்டின் படத்தோடு அனுப்புங்கள். "கடையில் கொடுத்த வெள்ளைப் பாட்டில்" என்று மட்டும் எழுதினால் என்னால் பதில் சொல்ல முடியாது.